மூன்று நிழல்களும் ஒரு மோசமான படமும்

(எங்கள் கிளையின் மாதாந்திரக் கூட்டத்தில் அங்கத்தினர் ஒருவர் ஆற்றிய உரை. பேச்சு நடை கூடியவரை அப்படியே தரப்பட்டுள்ளது.)



நம் காரியதரிசி எனக்கு இரண்டு நிபந்தனைகள் போட்டிருக்கிறார். ஹாஸ்யமாகப் பேச வேண்டும். டிபன் ஆறுவதற்குள் முடிக்க வேண்டும். இரண்டாவதற்கு நான் உத்தரவாதம் தருகிறேன். முதலாவது உங்கள் கையில் இருக்கிறது.

இன்று நான் ஒரு சினிமாவைப் பற்றிப் பேசப் போகிறேன். சினிமாவைப் பற்றிப் பேசுகிறவர்கள் கடைசியில் "அவசியம் பாருங்கள்" என்று முடிப்பார்கள். நான் ஆரம்பத்திலேயே சொல்லிவிடுகிறேன், தயவுசெய்து பார்க்காதீர்கள். பார்த்தே தீருவேன் என்பவர்கள் தனியாகப் பார்க்காதீர்கள். கூட யாராவது வேண்டும். அந்தக் "கூட யாராவது" என்பதுதான் இன்றைய பேச்சே. இதில் எனக்கு ஒரு சொந்தக் கணக்கும் பாக்கி இருக்கிறது. அதைக் கடைசியில் சொல்கிறேன்.

அமெரிக்காவில் டெக்ஸாஸ் மாகாணத்தில் எல் பாசோ என்று ஓர் ஊர். அங்கே ஹரால்ட் வாரன் என்று ஒருவர். இன்ஷூரன்ஸ், உரம் எல்லாம் விற்றுக்கொண்டிருந்த மனுஷர். ஊர் நாடகங்களில் நடிப்பதும் உண்டு. ஸ்டிர்லிங் சிலிஃபென்ட் என்ற ஹாலிவுட் திரைக்கதாசிரியர், பின்னாளில் ஆஸ்கார் பரிசே வாங்கியவர், படப்பிடிப்புக்கு இடம் பார்க்க அந்தப் பக்கம் வந்திருந்தார். அவரிடம் இவர், "பேய்ப்படம் எடுப்பது என்ன பிரமாதம்? நானே எடுத்துக் காட்டுகிறேன்" என்று பந்தயம் கட்டிவிட்டார். காப்பிக் கடையிலேயே, கை துடைக்கிற காகிதத்தில் கதையை எழுத ஆரம்பித்துவிட்டார் என்று சொல்வார்கள்.

மொத்தச் செலவு சுமார் 19,000 டாலர். எழுதியவர், டைரக்ட் செய்தவர், தயாரித்தவர், கதாநாயகனாக நடித்தவர் எல்லாம் வாரனே. வாடகைக்கு எடுத்த 16 மி.மீ. காமிராவுக்குக் கையால் சாவி கொடுக்க வேண்டும். ஒரு தடவை கொடுத்தால் 32 விநாடி ஓடும், அப்புறம் நின்றுவிடும். ஆகவே அந்தப் படத்தில் யாருக்கும் அரை நிமிஷத்துக்கு மேல் தொடர்ந்து பயம் வராது. காமிராவில் ஒலிப்பதிவு கிடையாது. பிற்பாடு ஒரு சிலர் உட்கார்ந்து எல்லாருடைய குரலையும் பேசிவிட்டார்கள். ஏழு வயதுச் சிறுமி வாயைத் திறந்தால் பெரியவள் ஒருத்தியின் குரல் வருகிறது.

கதை என்னவென்றால், ஒரு தம்பதி, ஒரு குழந்தை, ஒரு நாய், காரில் வழி தவறி ஒரு பாழடைந்த வீட்டுக்கு வந்து சேருகிறார்கள். அங்கே டார்கோ என்று ஒரு காவல்காரன். அவனை ஆட்டுக்கால் கொண்ட கிரேக்கப் பிராணியாகக் காட்ட உத்தேசம். கால்சராய்க்குள் ஏதோ கம்பியெல்லாம் கட்டிவிட்டார்கள். ஆனால் ஆட்டுக்கால் என்று படத்தில் ஓர் இடத்திலும் சொல்லவில்லை. பார்க்கிறவனுக்கு என்ன தெரியும்? பாவம், முழங்கால் வீங்கிய ஒரு மனுஷன் தள்ளாடித் தள்ளாடிப் பெட்டி தூக்குகிறான் என்றுதான் தோன்றும்.

படத்தின் ஆரம்பத்தில் கார் போகிறது. போகிறது, போய்க்கொண்டே இருக்கிறது. வயல், வேலி, மறுபடி வயல். அதன் மேல் நடிகர்கள் பெயரெல்லாம் போடுவதாக இருந்தார்களாம், போடவில்லை. ராத்திரிக் காட்சிகளில் விளக்கு வெளிச்சத்துக்கு விட்டில் பூச்சிகள் வந்து நடிகர்களைவிட நன்றாக நடித்துவிட்டுப் போயின. ஒரு நடிகைக்கு ஆரம்பத்திலேயே கால் முறிந்துவிட்டது. வாரன் நல்ல மனுஷர், அவளை அனுப்பிவிடவில்லை. ஒரு காரில் காதலனோடு உட்கார வைத்துவிட்டார். கதைக்குச் சம்பந்தமே இல்லாமல் அந்த ஜோடி அடிக்கடி வந்து போகிறது. போலீஸ்காரர் இருவர் துப்பாக்கிச் சத்தம் கேட்டுக் காரை விட்டு இறங்கி, நாலடி நடந்து பார்த்துவிட்டுத் திரும்பி ஏறிக்கொள்கிறார்கள். அதற்கு மேல் வெளிச்சம் எட்டவில்லை என்பது காரணம்.

படத்தின் பெயர் "மானோஸ்: தி ஹேண்ட்ஸ் ஆஃப் ஃபேட்". மானோஸ் என்றால் ஸ்பானிஷ் மொழியில் கைகள். ஆகவே தலைப்பே "கைகள்: விதியின் கைகள்" என்றாகிறது. நம்மூரில் "நடு சென்டர்" என்போமே, அந்த ஜாதி.

1966 நவம்பர் 15 அன்று எல் பாசோவில் காப்ரி தியேட்டரில் முதல் காட்சி. ஊர்ப் பெரிய மனிதர்களெல்லாம் வந்திருந்தார்கள். நடிகர்களுக்குச் சம்பளம் கிடையாது, லாபத்தில் பங்கு என்று பேச்சு. அந்தச் சிறுமிக்கு மட்டும் ஒரு சைக்கிள். அவர்கள் வீட்டு நாயும் நடித்திருந்தது, அதற்கு ஒரு மூட்டை நாய்த்தீனி. உண்மையில் ஊதியம் கண்டவர்கள் அவர்கள் இருவர்தான். நடிகர்கள் ஹாலிவுட் மாதிரி பெரிய காரில் வந்து இறங்க வேண்டுமே? ஒரே ஒரு கார்தான் வாடகைக்கு எடுக்க முடிந்தது. அது ஒரு கும்பலை இறக்கிவிட்டு, தெருவைச் சுற்றிப் போய் அடுத்த கும்பலை ஏற்றிக்கொண்டு வந்தது.

படம் தொடங்கிச் சிறிது நேரத்திலேயே சிரிப்பு கிளம்பிவிட்டது. ஆளுக்கு ஆள் கத்துகிறார்கள், கேலி பேசுகிறார்கள். வாரனும் நடிகர்களும் படம் முடிந்து விளக்குப் போடுவதற்குள் நழுவிவிட்டார்கள். திரையில் தன் வாய் அசைய வேறு யாரோ பேசுவதைக் கேட்டு அந்தக் குழந்தை, ஜாக்கி நேமன் என்று பெயர், அழுதுவிட்டாளாம். டார்கோவாக நடித்த ஜான் ரெனால்ட்ஸ் அங்கே இல்லை. அதற்குச் சுமார் ஒரு மாதம் முன்பு, இருபதுகளிலேயே, அந்த இளைஞர் தற்கொலை செய்துகொண்டிருந்தார்.

இப்போது யாரும் சிரிக்கவில்லை. நானும் முதல் தடவை இதைப் படித்தபோது சிரிப்பதை நிறுத்தினேன். ஆனால் கதை இங்கே முடியவில்லை.

22 வருஷம் கழித்து, 1988 நவம்பரில், மினியாபோலிஸ் நகரத்தில் ஒரு சின்ன உள்ளூர் டெலிவிஷன் நிலையத்தில் ஜோயல் ஹாட்ஜ்சன் என்ற ஹாஸ்ய நடிகர் ஒரு நிகழ்ச்சி ஆரம்பித்தார். பெயர் "மிஸ்டரி சயன்ஸ் தியேட்டர் 3000". ஒரு பைத்தியக்கார விஞ்ஞானி ஓர் ஆளை விண்வெளியில் ஒரு கலத்தில் அடைத்துவைத்து மோசமான படங்களாகப் போட்டுக் காட்டுகிறான், அவனுக்குப் புத்தி பேதலிக்கிறதா என்று பார்க்க. அந்த ஆள் பேச்சுத் துணைக்கு இரண்டு ரோபோக்களைச் செய்துகொள்கிறான். ஒரு ரோபோவின் தலை, கடையில் காசு போட்டால் மிட்டாய் கொடுக்குமே, அந்தக் கண்ணாடி உருண்டை. படம் முழுத்திரையில் ஓடும். கீழே தியேட்டர் நாற்காலிகள் தெரியும். வலது மூலையில் மூன்று கருநிழல்கள், ஒரு மனுஷன், இரண்டு ரோபோ. மூவரும் படம் முழுக்கப் பேசிக்கொண்டே இருப்பார்கள். அவ்வளவுதான் நிகழ்ச்சி.

உள்ளூரில் ஆரம்பித்தது கேபிள் சானலுக்குப் போய், 1999 வரை ஓடி, நடுவில் பீபாடி விருதும் வாங்கியது. ரசிகர்கள் காசெட்டில் பிடித்து ஒருவருக்கொருவர் சுற்றுக்கு விடுவார்கள். நிகழ்ச்சிக்காரர்களே கடைசியில் "காசெட்டைச் சுற்றுக்கு விடுங்கள்" என்று எழுத்துப் போடுவார்கள்! 2015ல் மறுபடி எடுக்கிறோம் என்று ஜனங்களிடம் பணம் கேட்டார்கள். 57 லட்சம் டாலருக்கு மேல் குவிந்தது. நாம் வருஷா வருஷம் சந்தா வசூலிக்கப் படும் பாடு பொருளாளருக்குத்தான் தெரியும்.

1993 ஜனவரி 30 அன்று அவர்கள் மானோஸைப் போட்டார்கள். அதுவரை எவனும் கேள்விப்படாத படம், அதன் பிறகு உலகப் பிரசித்தம். அந்த நிகழ்ச்சியில் அந்த விஞ்ஞானிகளே, "இவ்வளவு மோசமான படத்தைப் போட்டதற்கு மன்னித்துக்கொள்" என்று கேட்கிறார்கள்.

2007 குளிர்காலத்தில் நான் மினியாபோலிஸில் மகன் வீட்டில் இருந்தேன். வெளியே முழங்கால் அளவு பனி. மகன் இதைப் போட்டுக் காட்டினான். நான் கண்ணில் ஜலம் வரச் சிரித்தேன். மறுநாள் அவர்கள் ஆபீஸ் போன பிறகு, இன்டர்நெட்டில் அசல் படத்தைத் தேடி, நிழல்கள் இல்லாமல், நக்கல் இல்லாமல் போட்டுப் பார்த்தேன். சுமார் 70 நிமிஷப் படம். இருபதாவது நிமிஷத்தில் தூங்கிவிட்டேன். அதே கார், அதே டார்கோ, அதே விட்டில் பூச்சி. நேற்று ஆனந்தம், இன்று தூக்கம். அப்படியானால் நடுவில் என்ன நடந்தது?

அதைத்தான் இத்தனை வருஷமாக அசை போட்டுக்கொண்டிருக்கிறேன்.

மோசமான படம் என்றால் எல்லாம் உதவாது. பெரிய பட்ஜெட்டில் எடுத்த மோசமான படத்தில் சத்தம் ஓயாது. வெடிக்கும், இடிக்கும், பின்னணி இசை காதைப் பிளக்கும். நடுவில் ஒரு வார்த்தை சொருக இடம் கிடையாது. ஏழைப் படத்தில்தான் இடைவெளி இருக்கும். ஒருவர் கேள்வி கேட்பார், மற்றவர் பதில் சொல்ல மூன்று விநாடி ஆகும். கதவைத் திறந்து மாடி ஏறி இறங்குவதை எல்லாம் முழுசாகக் காட்டுவார்கள், வெட்டுவதற்கு எடிட்டருக்கு அவகாசம் இல்லை. அந்த மூன்று விநாடிதான் நம் நிழல்களின் நிலம். கார் போய்க்கொண்டே இருக்கிற இடத்தில், நாமாக இருந்தால், "டிரைவர் சார், இந்த வேலிக்கம்பம் நாலாவது தடவையா வரதே, மீட்டர் ஓடறதா?" என்போம். அவர்களும் அவர்கள் ஊர்ப் பாணியில் இப்படித்தான் ஏதாவது சொல்வார்கள்.

ஆனால் அது வாய்க்கு வந்ததைச் சொல்வது அல்ல. உள்ளூர் நிலையத்தில் ஓடியபோது அப்படித்தான், அந்த நேரத்தில் தோன்றியதைப் பேசினார்கள். கேபிளுக்குப் போன பிறகு எழுத்தாளர்கள் குழுவாக உட்கார்ந்து, படத்தை நிறுத்தி நிறுத்தி, திரும்பத் திரும்பப் பார்த்து, பல நூறு வரிகள் எழுதி, எது எந்த விநாடியில் விழவேண்டும் என்று கணக்குப் பண்ணினார்கள். பாத்திரம் பேசும்போது இவர்கள் பேசக் கூடாது. பாட்டுக்காரர் மூச்சு விடும்போது மிருதங்கக்காரர் ஒரு சின்ன உருட்டு உருட்டுவாரே, அந்த மாதிரி. இடம் பிசகினால் இரண்டும் கெட்டது.

இன்னொரு விஷயம். சாதாரணமாக மோசமான படம் பார்க்கும்போது நமக்கே ஒரு அவமானம் இருக்கும். காசு கொடுத்து இதைப் பார்க்கிறோமே, பக்கத்தில் இருக்கிறவன் ரசிக்கிறானோ, நமக்குத்தான் புரியவில்லையோ என்று. அந்த மூன்று தலைகள் தெரிந்தவுடன் அது போய்விடுகிறது. நாம் கேட்க நினைத்ததை அவன் கேட்டுவிடுகிறான். "அவனுக்கு முழங்கால் ஏன் அப்படி இருக்கிறது?" என்று நானும் நினைத்தேன், ரோபோவும் நினைத்தது. ரோபோவோடு எனக்கு சிநேகம் ஏற்பட்டுவிட்டது.

இது புதுசும் அல்ல. தெருக்கூத்தில் கட்டியங்காரன் ராஜா எதிரிலேயே ராஜாவை நையாண்டி பண்ணுவான். மௌனப் படக் காலத்தில் தென்னாட்டுக் கொட்டகைகளில் திரைக்குப் பக்கத்தில் ஒருவர் நின்று கதை சொல்லிக்கொண்டே போவார். ஜப்பானில் அந்த வேலை செய்தவர்களுக்கு பென்ஷி என்று பெயர். நடிகர்களுக்கு நிகரான கீர்த்தி அவர்களுக்கு உண்டு.

நிகழ்ச்சி நின்ற பிறகு அதில் இருந்த மைக் நெல்சன் முதலானோர் 2006ல் "ரிஃப்ட்ராக்ஸ்" என்று ஆரம்பித்தார்கள். படத்தின் உரிமை வாங்கப் பணம் ஏது? ஆகவே பேச்சை மட்டும் விற்றார்கள். படத்தை நீங்கள் வாங்கிக்கொள்ளுங்கள், கூடவே எங்கள் குரலை ஓடவிடுங்கள் என்று. கெட்டிக்காரத்தனம். எட் வுட் எடுத்த "பிளான் 9 ஃப்ரம் அவுட்டர் ஸ்பேஸ்" படத்தையும் அவர்கள் விடவில்லை. அதில் நடிக்க வேண்டிய பேலா லுகோசி 1956ல் காலமாகிவிட்டார். வுட் தன் மனைவியின் எலும்பு வைத்தியரைக் கூப்பிட்டு, மேலங்கியால் முகத்தை மூடிக்கொண்டு நடக்கச் சொல்லிவிட்டார். வைத்தியர் லுகோசியைவிட உயரம், ஜாடையும் கிடையாது. மூடிய முகம் யாருடையது என்று எவன் கேட்கப் போகிறான் என்று நம்பினார் மனுஷர்! அந்த நம்பிக்கைதான் முக்கியம். வேண்டுமென்றே மோசமாக எடுத்து, "சிரியுங்கள்" என்று வருகிற படங்கள் இப்போது உண்டு. சுறாமீன் சூறாவளியில் பறந்து வருகிற மாதிரியெல்லாம். எனக்கு அதில் சிரிப்பு வருவதில்லை. வழுக்கி விழுகிறவனைப் பார்த்துச் சிரிக்கலாம், விழுகிற மாதிரி நடிக்கிறவனிடம் காசைத் திருப்பிக் கேட்கத்தான் தோன்றும்.

சரி, என் சொந்தக் கணக்கு.

1978ல் நாங்கள் நாக்பூரில் இருந்தோம். எங்கள் காலனியில் நவராத்திரிக்கு நாடகம் போடுவார்கள். அந்த வருஷம் என் அத்திம்பேர், அக்காவின் அகத்துக்காரர், ஒரு பேய் நாடகம் எழுதினார். கணக்கு ஆபீஸில் வேலை. ஆறு மாசம் ராத்திரி ராத்திரியாக எழுதினார். பேய்க்கு அக்கா படுக்கை விரிப்பில் உடுப்புத் தைத்தாள். பேய் வரும்போது திரைக்குப் பின்னால் ஒரு பையன் சலங்கையைக் குலுக்க வேண்டும். பையன் தூங்கிவிட்டான். பேய் சத்தமில்லாமல் வந்தது, மிரட்டியது, போய்விட்டது. கதாநாயகி அழுதுகொண்டிருக்கிறாள். அந்த நேரம் யாரோ பையனைக் கிள்ள, சலங்கை ஜல் ஜல் என்று கொட்டி முழக்கிற்று.

எனக்கு 22 வயது. முன் வரிசையில் இருந்தேன். "அத்திம்பேர்! பேய் போயாச்சு, சத்தம் இப்பத்தான் பஸ் பிடிச்சு வரது!" என்று கத்தினேன்.

காலனியே உருண்டது. அதன் பிறகு நாடகம் நடக்கவில்லை. பேய் வராத இடத்திலும் சிரித்தார்கள். நான் ஒரு பெரிய மனுஷன் ஆகிவிட்ட மிதப்பில் நண்பர்களோடு எழுந்து காப்பி குடிக்கப் போய்விட்டேன். அத்திம்பேர் என்னை ஒரு வார்த்தை சொன்னதில்லை. பத்து வருஷம் கழித்து ஒரு தீபாவளிக்குப் போனபோது அக்காதான் சொன்னாள், இரண்டாவது நாடகம் ஒரு நோட்டுப் புத்தகத்தில் பாதி எழுதி வைத்திருந்தாராம். அந்த நவராத்திரி முடிந்த வாரமே பழைய பேப்பர்காரனுக்குப் போட்டுவிட்டாராம்.

2019ல் அவருக்கு முழங்கால் மாற்று ஆபரேஷன் ஆயிற்று. வயது 75. தாணேயில் அவர்கள் அகத்துக்கு நான் போய் ஒரு வாரம் இருந்தேன். பொழுது போகவில்லை என்றார். லாப்டாப்பில் மானோஸைப் போட்டேன், நிழல்களோடுதான். போட்டுவிட்டு எனக்கு உள்ளே உதறல். இவருக்கு இதையா காட்டுவது என்று.

"என்னடா, கார் போயிண்டே இருக்கு?" என்றார்.

"டைட்டில் போட மறந்துட்டாளாம், அத்திம்பேர்."

பாதி நக்கல் எங்களுக்குப் புரியவில்லை, அமெரிக்க விளம்பரம், அமெரிக்க நடிகர் என்று எதையோ சொல்கிறார்கள். ஆனால் டார்கோ தள்ளாடி வந்ததும், தன் கட்டுப்போட்ட காலைப் பார்த்துக்கொண்டு, "என் முழங்கால் தேவலைடா!" என்று ஆரம்பித்தவர், அக்கா உள்ளேயிருந்து ஓடிவந்து "தையல் பிரிஞ்சுடப் போறது" என்று அதட்டும்வரை சிரித்தார்.

முடிந்ததும், "எடுத்தவர் இதைப் பார்த்தாரா?" என்று கேட்டார். இல்லை, வாரன் 1985லேயே போய்விட்டார், வேறு படமும் எடுக்கவில்லை என்றேன். அந்தக் குழந்தை? ஜாக்கி பிற்பாடு ரசிகர்களோடு சேர்ந்துகொண்டு, அந்தப் படம் எடுத்த கதையைப் புத்தகமாகவே எழுதியதைச் சொன்னேன். ஒருவர் 2011ல் படத்தின் மூலப் பிரதியைக் கண்டுபிடித்து, ஜனங்களிடம் நன்கொடை வாங்கிச் சுத்தம் செய்து, 2015ல் புதுசாக வெளியிட்டதையும் சொன்னேன்.

கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். பிறகு, "அன்னிக்கு நீ சொன்னது நல்ல ஜோக்குதான்டா. எனக்கே உள்ளே சிரிப்பு வந்தது. ஆனா இவா மூணு பேரும் பார், கடைசி வரைக்கும் உட்கார்ந்திருக்கா. நீ ஒண்ணு சொல்லிட்டுக் காப்பி குடிக்கப் போயிட்டே" என்றார்.

நாற்பத்தொரு வருஷம் கழித்து வந்த பதில். எனக்கு வாயடைத்துவிட்டது. கொஞ்சம் பொறுத்து, "அந்த இரண்டாவது நாடகம் என்ன கதை, அத்திம்பேர்?" என்று கேட்டேன்.

"அதெல்லாம் எதுக்கு இப்போ?" என்றார். அப்புறம் தலையணையைச் சரிபண்ணிக்கொண்டு, "அதே பேய்தான்டா. ஆனா இந்தத் தடவை அதுக்குக் காது கேட்காது" என்று ஆரம்பித்தார். ஒன்றேகால் மணி நேரம் சொன்னார். அக்கா காப்பி கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள், இரண்டு தம்ளரும் ஆறிப்போயின. நடுவில் இரண்டு இடத்தில் நான் வாயைத் திறந்தேன். இரண்டு தடவையும் அவர்தான் முதலில் சிரித்தார்.

காரியதரிசி சமையலறைப் பக்கமிருந்து கை காட்டுகிறார். நமஸ்காரம்.